ஒன்றரைக் கல் சுவர்

பாவாப்பட்டினம்
9-6-1996

தங்கை சபுராவுக்கு,

அக்தர் பேகம் எழுதுவது. அஸ்ஸலாமு அலைக்கும். இங்கே நாங்கள் சுகம். நீங்களும் சுகம் என்று ஆம்பூர் போய் வந்தவர்கள் சொன்னார்கள்.

ஆறு வருடமாக ஒரு கார்டுகூடப் போடாதவள் இப்போது ஏன் எழுதுகிறாள் என்று நினைப்பாய். பூட்டிக் கிடக்கும் உன் வீட்டுக் கதவில் பேரூராட்சிக்காரர்கள் ஒரு நோட்டீஸ் ஒட்டினார்கள். எங்கள் கதவிலும் அதே நோட்டீஸ். கடற்காற்றில் கிழிந்துவிடும் என்று உன்னுடையதைப் பிரித்து இத்துடன் வைத்திருக்கிறேன்.

மாமனார் கட்டிக் கொடுத்த வீட்டில் ஆளுக்குப் பாதி இருக்கிறோம் அல்லவா? அவை இரண்டும் தனித்தனி வீடுகளாம். கட்டட விதிப்படி நடுவில் இரண்டு பக்கமும் ஐந்தைந்து அடி விட்டிருக்க வேண்டுமாம். நாம் ஒரே நடுச்சுவரில் சாய்ந்துகொண்டு நிற்கிறோமாம். முப்பது நாளில் நாமே இடிக்க வேண்டும், இல்லாவிட்டால் அவர்கள் வந்து இடிப்பார்கள். புதிதாக வந்திருக்கும் செயல் அலுவலர் கையில் டேப் இல்லாமல் தெருவில் இறங்குவதில்லை.

என் பக்கம் ஐந்தடி என்றால் சமையலறை, மாடிப்படி, உன் மச்சான் படுக்கும் அறை. உத்தரமெல்லாம் நடுச்சுவரில்தான் உட்கார்ந்திருக்கிறது. அது போய்விட்டால் மிச்சத்தில் துணி காயப்போடலாம், குடியிருக்க முடியாது.

கொழுந்தனாரைக் கேட்டு எழுது. உன் மச்சானும் அவர் தம்பியும் பேசிக்கொள்ளாததால் நான் எழுத வேண்டியிருக்கிறது. ஹாதியா எந்த வகுப்பு?

வஸ்ஸலாம்.
அக்தர் பேகம்


ஆம்பூர்
21-6-1996

அக்தர் பேகம் அக்கா அவர்களுக்கு,

சபுரா எழுதிக்கொண்டது. வ அலைக்கும் ஸலாம். உங்கள் கடிதமும் நோட்டீஸும் கிடைத்தன. நாங்கள் நலம். ஹாதியா ஆறாம் வகுப்பு.

இவரிடம் காட்டினேன். எங்கள் பாதியை விற்றுவிடுவதாக இருக்கிறோம். சென்னையிலிருந்து ஒருவர் வந்து பார்த்துவிட்டுப் போயிருக்கிறார். கடற்கரையில் வீடு வேண்டுமாம், தனி வீடாக இருக்க வேண்டுமாம். இந்த நேரத்தில் கோர்ட், வக்கீல் என்று இறங்கினால் அவர் ஓடிவிடுவார் என்கிறார் இவர். இடித்தாலும் மனைக்கு மதிப்பு இருக்கும் என்றும் சொல்கிறார்.

அதனால் நீங்கள் வழக்குப் போடுவதானால் போடுங்கள். நாங்கள் சேர்வதற்கில்லை. மச்சானுக்கு ஸலாம் சொல்லவும்.

இப்படிக்கு,
சபுரா


பாவாப்பட்டினம்
14-7-1996

தங்கை சபுராவுக்கு,

ஸலாம். சுகமே. மச்சானுக்குக் கால் வீக்கம் வடிந்திருக்கிறது. நீ கேட்கவில்லை, நானாகச் சொல்கிறேன்.

வழக்குப் போட்டுவிட்டேன். செங்கல்பட்டு முன்சீப் கோர்ட்டில் கோதை என்று ஒரு வக்கீல் அம்மா. திருக்கழுக்குன்றத்துக்காரர். நான் நோட்டீஸை நீட்டியதும் படித்துவிட்டு, "அழாம சொல்லுங்கோ" என்றார். நான் அழவே இல்லை. என் முகமே அப்படித்தான் என்று சொன்ன பிறகு கொஞ்சம் சிரித்தார்.

முப்பதாம் நாள் கடப்பாரையோடு ஏழு பேர் வந்தார்கள். நான் வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்து, அன்று காலைதான் கிடைத்திருந்த இடைக்காலத் தடையைக் கையில் வைத்திருந்தேன். செயல் அலுவலர் அதை மூன்று தடவை படித்தார். கடப்பாரைக்காரர்களில் ஒருவர், "சார், கோர்ட்டு சீல் கீது சார், நமக்கு இன்னாத்துக்கு பேஜாரு?" என்று முதலில் நகர்ந்தார். மற்றவர்களும் பின்னால் போனார்கள். தெருவே பார்த்தது. அன்று எனக்கு இருந்த சந்தோஷத்தில் எல்லோருக்கும் டீ போட்டுக் கொடுத்தேன், அவர்களுக்கும் சேர்த்து.

தடை தற்காலிகமானது. கோதை அம்மா சொல்வது இது: எழுபத்தொன்பதில் மாமனார் ஒரே வீடாகத்தான் அனுமதி வாங்கிக் கட்டினார் என்று காட்டிவிட்டால் நடுவில் இடம் விட வேண்டிய பேச்சே இல்லை. பேரூராட்சியில் அந்தக் கோப்பு காணவில்லையாம். உன் பெட்டியில் வரைபட நகல் ஏதாவது இருக்கிறதா?

"ரெண்டு பக்கமும் போக வர நடுவில் வழி இருந்ததா?" என்றும் கேட்டார். பெண்கள் தெருவில் இறங்காமல் போய்வர மாமனார் நடுச்சுவரில் கதவு வைத்ததைச் சொன்னேன். எங்கே என்றார். செங்கல் வைத்து அடைத்து, மேலே பூசி, வெள்ளையும் அடித்தாயிற்று என்றேன். அவர் பேனாவை மூடி வைத்துவிட்டார்.

பதில் எழுது.
அக்தர் பேகம்


பாவாப்பட்டினம்
25-8-1996

தங்கை சபுராவுக்கு,

உன் பதில் வரவில்லை. தபால்காரரைக் கேட்டுக் கேட்டு அவரே இப்போது எங்கள் தெருவுக்குள் தலையைக் குனிந்துகொண்டு வருகிறார். உடம்புக்கு ஒன்றுமில்லையே?

பேரூராட்சி தரப்பில் பதில் மனு போட்டிருக்கிறார்கள். அதோடு ஒரு பழைய காகிதம். தொண்ணூறாம் வருடம் உங்கள் பாதிக்குத் தனி வரி எண் கேட்டுக் கொழுந்தனார் கொடுத்த மனு. "இவை தொடக்கம் முதலே தனித்தனி வீடுகள். இடையில் வழி எதுவும் எப்போதும் இருந்ததில்லை" என்று அதில் இருக்கிறது. அவர்கள் வக்கீல் செல்வராஜ் அந்த வரியை இரண்டு முறை படித்துக் காட்டினார். அவர்கள் வழக்கு முழுவதும் அந்த ஒரு வரியில் நிற்கிறது என்றார் கோதை அம்மா.

எனக்கும் நகலைக் காட்டினார். கொழுந்தனார் கையெழுத்துத்தான் கீழே. மேலே இருக்கும் எழுத்து யாருடையதோ, மணி மணியாக இருந்தது. வெகு நேரம் பார்த்துக்கொண்டிருந்தேன். யார் எழுதியது தெரியுமா என்று வக்கீல் அம்மா கேட்டார். தெரியாது என்று சொல்லிவிட்டேன்.

ஹாதியாவுக்கு என் துஆ.
அக்தர் பேகம்


ஆம்பூர்
17-9-1996

அக்காவுக்கு,

ஸலாம். நலம். இங்கே மழை. ஹாதியா பள்ளிக்கூடத்தில் கட்டுரைப் போட்டியில் இரண்டாவது வந்திருக்கிறாள். பெட்டியெல்லாம் தேடிப் பார்த்தேன், வரைபடம் இல்லை. மனுவைப் பற்றி இவருக்குச் சரியாக நினைவில்லை என்கிறார்.

மச்சானுக்குக் கால் எப்படி இருக்கிறது? உப்பைக் குறைக்கச் சொல்லவும்.

சபுரா


ஆம்பூர்
20-10-1996

அன்புள்ள அக்காவுக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும். உன் உடம்பு எப்படி, மச்சான் எப்படி என்றெல்லாம் கேட்டுவிட்டுத்தான் விஷயத்துக்கு வர வேண்டும். இந்தத் தடவை விஷயத்தை முதலில் எழுதாவிட்டால் எழுதாமலே விட்டுவிடுவேன்.

அந்த மனுவை எழுதியது நான். உனக்குத் தெரியும். என் எழுத்தை நீ பார்த்த பிறகும் தெரியாது என்று வக்கீலிடம் சொன்னாயே, அந்த ஒரு வரி என்னை ஒன்றரை மாதமாகத் தூங்கவிடவில்லை.

இவர் வெறும் தனி வரி எண் கேட்டு எழுதச் சொன்னார். "எப்போதும் இருந்ததில்லை" என்பதை நானாகச் சேர்த்தேன். எழுதும்போது எனக்கு வேகம் வந்துவிட்டது. ஹாதியாவுக்கு ஜுரத்தில் வலிப்பு வந்த மத்தியானம் உனக்கு நினைவிருக்கும். நான் அந்தக் கதவைத் தட்டினேன். உன் பக்கம் தாழ்ப்பாள். மறுபடி தட்டினேன். பிறகு பிள்ளையைத் தூக்கிக்கொண்டு தலையில் துணிகூட இல்லாமல் ரோட்டுக்கு ஓடினேன். கல்பாக்கம் ஸ்டாஃப் பஸ்ஸை நிறுத்தி அவர்கள்தான் ஏற்றிக்கொண்டு ஆஸ்பத்திரியில் விட்டார்கள். அக்கா இருக்கிற வீட்டில், சுவருக்கு இந்தப் பக்கம் என் பிள்ளை செத்திருக்கும். அந்தக் கோபத்தில் திறக்காத கதவு இருந்தால் என்ன, இல்லாவிட்டால் என்ன என்று தோன்றிற்று. கொத்தனார் லட்சுமணனைக் கூப்பிட்டு அடைக்கச் சொன்னேன். கதவையும் நிலையையும் பேர்த்து எடுத்து விறகுக்குப் போடச் சொன்னேன். அதனால் சாட்சிக்கு அதுவும் இல்லை.

ஆனால் நான் இருக்கிறேன். கோர்ட்டில் வந்து, நான் எழுதியது பொய் என்று சொல்கிறேன். இவர் இரண்டு நாள் சாப்பிடவில்லை. ஒரே வீடு என்று கோர்ட் சொல்லிவிட்டால் தனியாக விற்க முடியாது, சென்னைக்காரர் போய்விடுவார். மூன்றாம் நாள், "கையெழுத்து என்னுதுதானே, நானும் வர்றேன்" என்றார்.

என்ன தேதி என்று எழுது.
உன் தங்கை
சபுரா


பாவாப்பட்டினம்
29-10-1996

அன்புள்ள சபுரா,

வ அலைக்கும் ஸலாம். உன் கடிதத்தை மச்சானிடம் படித்துக் காட்டினேன். பாதியில் எழுந்து போய்க் கொல்லையில் நின்றுகொண்டார். பிறகு வந்து, தம்பிக்கு ஆம்பூரில் நல்ல மீன் கிடைக்குமா என்று கேட்டார். ஆறு வருடத்தில் தம்பியைப் பற்றி அவர் கேட்ட முதல் கேள்வி இதுதான்.

உன்னிடம் ஒன்று சொல்ல வேண்டும். நீ லட்சுமணனைக் கூப்பிட்ட அன்று சாயங்காலமே நானும் அவனைக் கூப்பிட்டேன். சுவருக்கு அந்தப் பக்கம் கரணைச் சத்தம் கேட்டது. நீ அடைத்தால் நானும் அடைப்பேன் என்று என் பக்கமும் செங்கல் வைக்கச் சொன்னேன். நிலையைப் பேர்க்கச் சொன்னதும் உண்டு. பார், விறகுக்குப் போடக்கூட நாம் இருவரும் ஒன்றாகத்தான் நினைத்திருக்கிறோம்.

நவம்பர் 16ஆம் தேதி கோர்ட் அனுப்பும் கமிஷனர் வருகிறார். வீட்டைப் பார்த்து அறிக்கை கொடுக்க நியமித்த இளம் வக்கீல், மோசஸ் என்று பெயர். டிசம்பர் 12 அன்று நம் சாட்சியம். அன்று வந்தால் போதும். ஹாதியாவுக்குப் பரீட்சை நேரமாக இருந்தால் அவளை விட்டுவிட்டு அலையாதே.

துஆவுடன்,
அக்கா


பாவாப்பட்டினம்
17-11-1996

சபுரா,

சுகம் விசாரிக்க இன்று பொறுமை இல்லை. நேற்று நடந்ததைக் கேள்.

மோசஸ் வந்தார். செயல் அலுவலர் டேப்போடு வந்தார். செல்வராஜ் வக்கீல், கோதை அம்மா, பாதித் தெரு. மோசஸ் நடுச்சுவரின் கனத்தை அளந்து, "ஒன்றரைக் கல் சுவர், கதவு இருந்த அடையாளம் இல்லை" என்று எழுத ஆரம்பித்துவிட்டார். செல்வராஜ் சிரித்துக்கொண்டே வெற்றிலையை மடித்தார்.

கதவை அடைத்ததற்குச் சாட்சியாக லட்சுமணனைக் கூப்பிட்டிருந்தோம். ஒரு ஓரமாக நின்று தலையைச் சொறிந்துகொண்டிருந்தான். திடீரென்று, "சார், கொஞ்சம் ஒடச்சிப் பாக்கட்டுமா?" என்றான். எதை என்றார் மோசஸ். "செவுத்த சார். நெலை உள்ளதான் கீது."

எனக்குப் புரியவில்லை. "பேத்து எடுக்கச் சொன்னேனே லட்சுமணா" என்றேன்.

"நீயும் சொன்ன, சின்னம்மாவும் சொல்லிச்சி. மேல சட்டத்துல உங்க சாமி எழுத்து கீதும்மா. அத்தப் பேத்து வெறகுக்குப் போடு இன்னா நான் போட்டுருவனா? எனக்குப் புள்ள குட்டி இல்லியா? காலைல அந்த வூட்டுப் பக்கம் ஒரு வரிசை, சாயங்காலம் உங்க பக்கம் ஒரு வரிசை, நடுவுல நெலையும் கதவும் அப்டியே நிக்குது. ரெண்டு பேரும் கோவத்துல கீறீங்க, சொன்னா எங்கிட்ட வேற சண்டைக்கு வருவீங்கன்னு சொல்லல."

மோசஸ் அனுமதி கொடுத்தார். லட்சுமணன் நாலே அடியில் என் பக்கத்துச் செங்கல்லை உதிர்த்தான். உள்ளே கதவு, சபுரா. நம் கதவு. பச்சைப் பெயிண்ட் உரியவே இல்லை. மேல் சட்டத்தில் பிஸ்மில்லாவுக்காக மாமனார் செதுக்க வைத்த 786, அதன் கீழே ஹிஜ்ரி 1399. மோசஸ் கண்ணாடியைத் தூக்கிப் பார்த்து, "ஆயிரத்து முந்நூத்தித் தொண்ணூத்தொம்பதா? வீடு அறுநூறு வருஷம் பழசா?" என்றார். கோதை அம்மாவுக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை. பள்ளிவாசல் ஹஜ்ரத்தைக் கூப்பிட்டு, ஹிஜ்ரி 1399 என்பது இங்கிலீஷ் கணக்கில் 1979 என்று எழுதி வாங்கி அறிக்கையோடு சேர்த்துவிட்டார். கட்டின வருடமே நிலையில் இருக்கிறது.

செல்வராஜ் வெற்றிலையைப் போடவே இல்லை. ஆனாலும் போகும்போது, "கதவு பிறகு வெச்சதா இருக்கலாம், மனுவில் இல்லைன்னு இருக்கே" என்று சொல்லிவிட்டுப் போனார். அதற்குப் பதில் நீதான்.

நான் அந்தக் கதவைத் தொட்டுப் பார்த்தேன். என் பக்கத்துத் தாழ்ப்பாள் போட்டபடியே இருந்தது.

அக்கா


ஆம்பூர்
15-12-1996

அன்புள்ள அக்கா,

ஸலாம். பத்திரமாக வந்து சேர்ந்தோம். பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டதால் உன்னோடு இரண்டு வார்த்தை பேசாமல் ஓடிவந்தது மனசில் உறுத்துகிறது. நேரமாகிவிட்டது என்பதும் முழு உண்மை அல்ல. உன் முன்னால் அழுதுவிடுவேன் என்றுதான் கிளம்பிவிட்டேன்.

உன் முறை வரும்வரை உன்னை வெளியே உட்கார வைத்துவிட்டார்கள். அதனால் உள்ளே நடந்ததை நான் சொல்கிறேன். செல்வராஜ் வக்கீல் மனுவைக் காட்டி, "இது உங்க எழுத்துத்தானே?" என்றார். ஆமாம் என்றேன். "அப்ப இதுல இருக்கறது பொய்யா?" "பொய்தாங்க." "பொய் எழுதறவங்க இன்னைக்கு மட்டும் நெஜம் சொல்றீங்கன்னு எப்படி நம்பறது?" என்றார்.

கோதை அம்மா எழுந்திருக்கப் போனார். நானே சொல்லிவிட்டேன்: "அன்னைக்குப் பொய் எழுதினதால எங்களுக்குத் தனி வரி எண் கெடச்சுது. இன்னைக்கு நெஜம் சொல்றதால நான் வீட்ட விக்க முடியாம போவுது. இதுல எதுக்காக நான் பொய் சொல்லணும்னு நீங்களே சொல்லுங்க." ஜட்ஜ் தலையை நிமிர்த்தி என்னைப் பார்த்தார். "எழுத்து நல்லா இருக்கும்மா, இனிமே நல்ல விஷயத்துக்கு எழுதுங்க" என்றார். கோர்ட்டே சிரித்தது. எனக்கு வெட்கமாகவும் இருந்தது, நெஞ்சில் இருந்த பாரம் இறங்கியும் போயிற்று.

மச்சானும் இவரும் ஒரு வார்த்தை பேசாமல் வெளியே போய், ஒரு வார்த்தை பேசாமல் டீ குடித்து, ஒரு வார்த்தை பேசாமல் திரும்பி வந்ததை நீ கவனித்தாயா? டீக்கு இருவரும் சண்டை போட்டுக்கொண்டு பைசா நீட்டினார்களாம். இவர் சொல்லிச் சொல்லிச் சிரிக்கிறார்.

சென்னைக்காரர் போய்விட்டார். போகட்டும்.

உன் சபுரா


பாவாப்பட்டினம்
5-1-1997

அன்புள்ள சபுரா,

அல்லாஹ் உங்களைச் சுகமாக வைத்திருக்கட்டும். அடுத்த வாரம் நோன்பு தொடங்குகிறது. அதற்குள் எழுதிவிட வேண்டும் என்று உட்கார்ந்தேன். தீர்ப்பு வரட்டும், ஜெயித்த சந்தோஷத்தில் சொல்லிக்கொள்ளலாம் என்றும் நினைத்தேன். அது கோழைத்தனம்.

நீ கோர்ட்டில் நின்று உன் பொய்யைச் சொன்னாய். என் பொய்யை யாரும் கேட்கவில்லை, அதனால் நான் சொல்லவில்லை.

அன்று மத்தியானம் நீ தட்டியது கேட்டது.

முதல் நாள் மாமியாரின் செம்பு அண்டா யாருக்கு என்று நாம் சண்டை போட்டோம். நீ அதைத் தொடரத்தான் வருகிறாய் என்று நினைத்தேன். நன்றாகத் தட்டட்டும் என்று அரிசி புடைத்துக்கொண்டிருந்தேன். இரண்டாவது தடவை தட்டியது வேறு மாதிரி இருந்தது. எழுந்தேன். கதவருகே வந்து நின்றேன். அதற்குள் சத்தம் நின்றுவிட்டது. நீ ரோட்டில் ஓடியதைப் பிறகு பிறர் சொல்லித்தான் தெரிந்தது. தூங்கிவிட்டேன் என்று எல்லோரிடமும் சொன்னேன், உன் மச்சானிடமும்.

மன்னித்துவிடு என்று கேட்க எனக்கு வாய் வரவில்லை. நோன்பு வருகிறது, நீயாகப் பார்த்துச் செய்.

அக்கா


பாவாப்பட்டினம்
12-3-1997

சபுராவுக்கு,

நோன்பும் போயிற்று, பெருநாளும் போயிற்று. உன் கடிதம் வரவில்லை. குறை சொல்ல எனக்கு என்ன இருக்கிறது. வழக்கில் உனக்கும் பங்கு இருப்பதால் தீர்ப்பைச் சொல்ல வேண்டியது என் கடமை.

ஜெயித்துவிட்டோம். நேற்று ஜட்ஜ் படித்தார். எழுபத்தொன்பதில் கட்டும்போதே இது ஒரே கட்டடம், நிலையே அதற்குச் சாட்சி, ஒரே கட்டடத்தின் இரண்டு பாதிக்கு நடுவில் இடம் விட வேண்டும் என்று எந்த விதியும் இல்லை, உள்ளே வந்து பார்க்காமல் தெருவில் நின்று டேப் பிடித்துக் கொடுத்த உத்தரவு செல்லாது. இடிக்கும் உத்தரவு ரத்து. கோதை அம்மா வெளியே வந்து என் கையைப் பிடித்துக் குலுக்கினார். "இப்பவாவது அழுங்கோ" என்றார். அழுதேன். செங்கல்பட்டு கோர்ட் வாசலில் வேப்ப மரத்தடியில் நின்று தேம்பித் தேம்பி அழுதேன். உன் மச்சான் ஜிலேபி வாங்கி, பார்த்தவர்களுக்கெல்லாம் கொடுத்தார். செல்வராஜுக்கும் ஒன்று.

இன்று காலை செயல் அலுவலரே வந்தார். டேப் இல்லை. "அந்தக் கதவப் பாக்கலாமாம்மா?" என்றார். லட்சுமணன் உன் பக்கத்துச் செங்கல்லையும் எடுத்துவிட்டான், கொழுந்தனார் சாவி அனுப்பியிருந்தார். அலுவலர் இந்தப் பக்கமிருந்து அந்தப் பக்கம் போய், அந்தப் பக்கமிருந்து இந்தப் பக்கம் வந்தார். "ஒரே வூடுதாம்மா" என்று சொல்லிவிட்டுப் போனார். அதன் பிறகு தெருப் பெண்கள் ஒவ்வொருவராக வந்து அதில் நுழைந்து பார்க்கிறார்கள். கல்யாண வீடு போல இருக்கிறது, நீதான் இல்லை.

தாழ்ப்பாளை மட்டும் நானே கழற்றிவிட்டேன். திருப்புளி வழுக்கி விரலில் அடிபட்டுவிட்டது.

அக்கா


ஆம்பூர்
23-3-1997

என் அன்பு அக்கா,

அஸ்ஸலாமு அலைக்கும். விரல் ஆறிவிட்டதா? மஞ்சள் வைத்துக் கட்டு.

நோன்பு முழுவதும் உன் கடிதம் என் தலையணைக்கடியில் இருந்தது. முதல் பத்து நாள் கோபம். ஆறு வருடமாக, அக்கா தூங்கியிருப்பாள், என் தலைவிதி என்று என்னை நானே சமாதானம் செய்துகொண்டிருந்தேன், அதையும் நீ பிடுங்கிவிட்டாய். அடுத்த பத்து நாள் அழுகை. கடைசியில் ஒரு நாள் ஹாதியா கடிதத்தை எடுத்துப் படித்துவிட்டாள். "பெரியம்மா எழுந்து வந்தாங்களாம்மா, நீதான் சீக்கிரம் ஓடிட்டே" என்றாள். எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. நீ கதவுக்கு அந்தப் பக்கம் நின்றிருக்கிறாய். எனக்கு அது போதும்.

வீட்டை விற்கவில்லை. இவருக்குச் செங்கல்பட்டிலேயே ஒரு வேலை பேசியாயிற்று. பக்ரீத்துக்கு முன்னால் சாமான்களோடு வருகிறோம், ஹாதியாவை அங்கேயே பள்ளியில் சேர்க்கிறோம். செம்பு அண்டாவை நீயே வைத்துக்கொள். பிரியாணி மட்டும் அதில் நான்தான் போடுவேன்.

லட்சுமணனுக்கு ஒரு வேட்டி எடுத்து வைத்திருக்கிறேன்.

வந்ததும் முதலில் என் பக்கத்து வாசலைத் திறந்துகொண்டு உள்ளே போவேன். அங்கிருந்து நேராக உன் சமையலறைக்கு வருவேன். தட்டமாட்டேன். நீ அரிசி புடைத்துக்கொண்டிருந்தால் புடைத்துக்கொண்டே இரு.

உன் தங்கை
சபுரா